ஐதர் என்றால் அரிமா!

"இது ஐதர் காலத்துப் பழசு!"

ஓட்டைக் குடையைக் கண்டாலும், துருப்பிடித்த பூட்டைக் கண்டாலும், கைப்பிடி உடைந்த பெட்டியைக் கண்டாலும் நம்மவர் நாவில் தானே வந்து உட்காரும் சொல் இது. சொல்பவர் சிரிக்கிறார், கேட்பவரும் சிரிக்கிறார். யார் அந்த ஐதர்? எந்தக் காலம் அந்தக் காலம்? அந்தப் பெயருக்குப் பொருள்தான் என்ன? எண்ணிப் பார்ப்பவர் நூற்றுக்கு ஒருவர் இருப்பாரா? வழக்கில் வந்துவிட்ட சொல் என்றால் நாம் அதைத் திருப்பிப் பார்ப்பதே இல்லை.

பகுத்தறிவு என்பது கோயில் வாசலிலும் சோதிடன் திண்ணையிலும் மட்டும் வேலை செய்ய வேண்டிய ஒன்றன்று, தோழர்களே! நாள்தோறும் நாம் வாய்விட்டு அழைக்கும் பெயர்களிடத்தும் அதற்கு வேலை உண்டு. பெயரிலே சாதி ஒளிந்திருக்கும். பெயரிலே அச்சம் ஒளிந்திருக்கும். பெயரிலே ஆண்டான் அடிமை வரலாறு ஒளிந்திருக்கும். ஆகவே இன்று ஒரேயொரு பெயரை எடுத்துக்கொள்வோம். அரபு நாட்டில் பிறந்து, துருக்கியில் வளர்ந்து, மைசூரில் அரியணை ஏறி, எங்கள் ஊர் மலையடிவாரம் வரை வந்து சேர்ந்த பெயர். ஐதர்!

எங்கள் ஊர் என்று நான் சொல்வது பெருமுக்கல். விழுப்புரம் மாவட்டத்தில், திண்டிவனத்துக்கும் மரக்காணத்துக்கும் இடையே இருக்கிறது. ஊருக்கு அடையாளம் அந்த மலைதான். மேற்கே பார்த்தால் வயல். கிழக்கே போகப் போகக் காற்றில் கரிப்பு ஏறும். பிறகு மரக்காணத்து உப்பளங்கள், பாத்தி பாத்தியாக வெயிலில் மின்னும். அங்கே உப்பு வாரும் கைகள் பெற்ற பிள்ளைகள் பலர் என்னிடம் படிக்கிறார்கள். கலைக் கல்லூரியில் பட்டம் பெற்று வந்த எனக்கு, கல்லூரி கற்றுத்தராத பலவற்றை வருகைப் பதிவேடு கற்றுத்தருகிறது. காலையில் நாற்பது பெயர்களை உரக்கப் படிக்கிறவனுக்குத் தெரியும், எந்தப் பெயருக்கு வகுப்பு அமைதியாக இருக்கும், எந்தப் பெயருக்குப் பின்வரிசையில் சிரிப்பு எழும் என்பது.

பத்தாம் வகுப்பில் ஒரு மாணவன். அவன் பெயரின் முற்பாதி ஐதர், பிற்பாதி அலி. முற்பாதியைச் சொன்னால், "ஐதர் காலத்துப் பழசு" என்று ஒரு குரல். பிற்பாதியைச் சொன்னால் இன்னும் மோசம். திருநங்கையரை இழித்துரைக்க ஒரு காலத்தில் வழங்கிய சொல்லோடு அதன் ஒலி ஒத்துப்போவதால், அதற்கொரு சிரிப்பு. அரபு மொழியில் அலி என்றால் உயர்ந்தவன் என்று பொருள். உயர்ந்தவன் என்று பெற்றோர் வைத்த பெயர், வகுப்பறையில் இருவேறு மக்களை ஒரே மூச்சில் இழிவுபடுத்தும் கருவியாகிறது!

இதுவரை சொன்னது சிறுவர் விளையாட்டு, கண்டித்தால் நின்றுவிடும். பெரியவர் உலகம் அவ்வளவு எளிதில் நிற்பதில்லை. பொதுத்தேர்வுக்கான பெயர்ப்பட்டியலைச் சரிபார்க்கும் நாட்களில் அந்த மாணவனின் தந்தை பள்ளிக்கு வந்தார். உப்பு மூட்டைகளை ஏற்றிக்கொண்டு ஊர் ஊராய்ப் போகும் லாரி ஓட்டுநர் அவர். நாற்காலியைக் காட்டினேன், உட்காரவில்லை.

"சார், பட்டியல் போறதுக்குள்ள புள்ள பேர மாத்த முடியுமா? ராஜான்னு போட்டுடுங்க. அது எல்லாருக்கும் பொதுவான பேரு."

ஏன் என்றேன். மூத்த மகன் ஒரு பெரிய நகரத்தில் வேலைக்குப் போயிருக்கிறான். வாடகைக்கு வீடு தேடியபோது கதவைத் திறந்தவர் முகமலர்ச்சியோடு பேசினாராம். முன்பணம் எவ்வளவு என்பதுவரை பேச்சு போயிற்றாம். பெயரைக் கேட்டதும், வீடு வேறொருவருக்குப் பேசியாகிவிட்டது என்றாராம். அதேபோல மூன்று கதவுகள். "பெரியவன் பட்டுட்டான் சார். சின்னவனாவது பட வேணாம்" என்றார் அந்தத் தந்தை. அவர் குரலில் சினம் இல்லை. அதுதான் என்னை வருத்தியது. வெயிலைப் பற்றியும் மழையைப் பற்றியும் பேசுவதுபோல, மாற்ற முடியாத ஒன்றைப் பற்றிப் பேசுகிறவர்போல அவர் பேசினார்.

முழுப் பெயரை மாற்றுவதென்றால் அரசிதழில் அறிவிப்பு வெளிவர வேண்டும் என்ற விதியைச் சொன்னேன். விதியைச் சொல்லிவிட்டால் ஓர் ஆசிரியனின் வேலை முடிந்துவிடுகிறதா? அவரை வற்புறுத்தி உட்கார வைத்து, அந்தப் பெயர் கடந்துவந்த வழியை எனக்குத் தெரிந்த அளவில் அவருக்குச் சொன்னேன். மறுநாள் வகுப்பிலும் சொன்னேன். அதையே உங்களுக்கும் சொல்கிறேன்.

அரபு மொழி சிங்கத்துக்குப் பல பெயர்களை வைத்திருக்கிறது. அசத், லைத், ஒசாமா, கஸன்பர்: எல்லாம் சிங்கம்தான். அந்த வரிசையில் ஒன்று ஹைதர். நபிகள் நாயகத்தின் மருமகனும், இசுலாமிய வரலாற்றில் நான்காம் கலீபாவுமான அலிக்கு அது சிறப்புப் பெயராயிற்று. அவருடைய தாயின் பெயர் பாத்திமா. அசத் என்பவரின் மகள். அசத் என்றாலும் அரிமா, ஹைதர் என்றாலும் அரிமா! தன் தந்தையின் பெயரை நினைந்து தாய் தன் மகனுக்கு இட்ட பெயர் அது என்று மரபுவழிச் செய்தி உண்டு. நம் நாட்டில் குழந்தைக்குப் பெயர் இடுவதற்குத் தந்தை வழிப் பாட்டன் வேண்டும், நாள் பார்க்க ஒருவர் வேண்டும், எழுத்துக் குறித்துக் கொடுக்க ஒருவர் வேண்டும். பெற்றவளைத் தவிர எல்லோரும் வேண்டும்! பாலைவனத்தில் ஒரு தாய், தன் தந்தையை நினைந்து, தன் விருப்பப்படி பெயர் வைத்தாள் என்று அந்த மக்கள் பெருமையோடு நினைவில் வைத்திருக்கிறார்கள்.

அந்தப் பெயர் துருக்கியர் நாவுக்குப் போயிற்று. துருக்கியரிடம் சிங்கத்துக்குச் சொல் இல்லையா? இருந்தது. அர்ஸ்லான் என்பது அவர்களுடைய சொந்தச் சொல். 1071இல் மான்சிகர்ட் போரில் பைசாந்தியப் பேரரசனை வென்று சிறைப்பிடித்த செல்ஜுக் அரசனின் பெயர் அல்ப் அர்ஸ்லான். வீர அரிமா என்று பொருள். சொந்தச் சொல் இருக்கும்போதே அவர்கள் ஹைதரையும் ஏற்றுக்கொண்டார்கள். அலியிடத்து அவர்களுக்கு இருந்த அன்பே காரணம். சிறப்பாக, அலியைப் போற்றும் அலெவிகள் என்னும் பிரிவினரிடையே அலி ஐதர் என்ற இரட்டைப் பெயர் இன்றும் விருப்பமான பெயர். இசுதான்புல் நகரின் ஆசியக் கரையில், கடலோரத்தில், 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கட்டிய அழகான இரயில் நிலையம் ஒன்று இருக்கிறது. அதன் பெயர் ஹைதர்பாஷா. 1928இல் துருக்கி அரபு எழுத்தைக் கைவிட்டு இலத்தீன் எழுத்துக்கு மாறியது. எழுத்து மாறிற்று, ஐதர் மாறவில்லை. அரபு மொழியில் தொண்டையின் அடியிலிருந்து எழும் முதலெழுத்தின் ஒலியைத் துருக்கியர் தங்கள் நாவுக்கேற்ப மென்மையாக்கிக்கொண்டனர். தமிழர் அதையும் விட்டு ஐதர் என்றனர். பிறமொழிச் சொல்லை எடுக்கும்போது வேற்றெழுத்தை நீக்கித் தமிழெழுத்தால் எழுதுக என்று தொல்காப்பியர் வடசொல்லுக்கு வகுத்த நெறியை, இலக்கணம் படிக்காத நம் உழவனும் உப்பள உழைப்பாளியும் அரபுச் சொல்லுக்கும் கடைப்பிடித்து விட்டார்கள்!

நம்மையே பார்ப்போம். அரிமா, மடங்கல், ஆளி, சீயம் என்று தமிழில் எத்தனை சொற்கள்! அப்படியிருந்தும் பல்லவ மன்னர் என்ன பெயர் சூடினர்? சிம்மவிஷ்ணு, நரசிம்மவர்மன், இராசசிம்மன். துருக்கியர் அர்ஸ்லானை வைத்துக்கொண்டே ஹைதரை ஏற்றதுபோல, இங்கேயும் மடங்கலை வைத்துக்கொண்டே சிம்மத்தை ஏற்றார்கள். உருசிய எழுத்தாளர் டால்ஸ்டாயின் முதற்பெயர் லெவ்; அதற்கும் பொருள் சிங்கமே. ஆக, ஒரு நரசிம்மனும் ஒரு லெவ்வும் ஓர் அர்ஸ்லானும் ஓர் ஐதரும் ஒரே வகுப்பில் ஒரே வரிசையில் அமர்ந்திருந்தால், ஆசிரியன் அழைப்பது நான்கு மொழிகளில் ஒரே பெயரைத்தான். அவர்களுள் மூவரைத் தடையின்றி உள்ளே விட்டு, நான்காமவன் முகத்தில் மட்டும் கதவைச் சாத்துவது எந்த ஊர் அறிவு?

"ஐதர் என்ற பெயரில் வந்தவன் நம் ஊரைச் சூறையாடியவன் அல்லவா?" என்று கேட்கக்கூடும். கேட்கட்டும்; மறைக்க வேண்டியதில்லை. 1780இல் மைசூர் ஐதர் அலியின் படை கருநாடகச் சீமையில் இறங்கியபோது ஊர்கள் எரிந்தன, விளைச்சல் அழிந்தது, மக்கள் சிதறினர். அந்த நினைவின் எச்சம்தான் நம் நாவில் ஐதர் காலம் என்று நிற்கிறது. எங்கள் மலைமேல் அப்போது கோட்டை இருந்தது. 1760இல் வந்தவாசிப் போரில் பிரெஞ்சுக்காரரை வென்றபின் அயர் கூட் என்னும் ஆங்கிலத் தளபதி அதைக் கைப்பற்றினான். 1782இல் ஐதரின் படையும் பிரெஞ்சுப் படையும் சேர்ந்து அதைப் பிடித்தன. ஆங்கிலேயர் எழுதிய வரலாறுகளில் எங்கள் ஊரின் பெயர் பெர்மக்காயில்! பெருமுக்கல் என்ற பெயரைச் சொல்லத் தெரியாதவன், அதைப் பீரங்கியால் அடித்ததுபோலச் சிதைத்து ஏட்டில் ஏற்றினான். பெயர் சிதைந்தால் எப்படி இருக்கும் என்பது எங்கள் ஊருக்கே தெரியும்.

ஐதர் செய்தது ஐதரோடு. கூட் செய்தது கூட்டோடு. சோழனும் பாண்டியனும் ஒருவர் ஊரை ஒருவர் எரித்ததில்லையா? அதற்காகப் பாண்டியன் என்று பெயர் வைத்த பையனுக்குத் தஞ்சையில் யாரேனும் வீடு மறுக்கிறார்களா? இருநூற்று நாற்பது ஆண்டுகளுக்கு முன் குதிரையேறி வந்தவனுடைய கணக்கை, இன்று மிதிவண்டியில் பள்ளிக்கு வரும் சிறுவனிடம் கேட்பது நீதியா?

அந்த ஐதரின் வாழ்க்கையில் ஓர் ஆசிரியன் மறக்க முடியாத செய்தி ஒன்று உண்டு. அவனுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. கணக்கை மனத்திலே போடுவான்; கடிதங்களைப் படிக்கச் சொல்லிக் கேட்பான்; ஆனால் எழுத்து வரவில்லை. கற்றுக்கொள்ள முயன்று கைவந்தது தன் பெயரின் முதலெழுத்து ஒன்றே. அதையும் தலைகீழாகவே எழுதினான் என்கிறார்கள். அவன் அடித்த பொற்காசில் ஒரு பக்கம் சிவனும் பார்வதியும் அமர்ந்திருப்பார்கள். மறுபக்கம் அந்த ஒற்றை அரபு எழுத்து இருக்கும். இசுலாமிய மன்னனின் காசில் சைவ உருவம்! மதப் பகையை ஊட்டி வளர்ப்பவர் அந்தக் காசைக் கையில் எடுத்து இரண்டு பக்கமும் திருப்பிப் பார்க்கட்டும். அவன் தன் மகனுக்கு வைத்த பெயர்கூட நம் ஆர்க்காட்டிலிருந்து போனது. அங்கே அடங்கியிருக்கும் திப்பு மஸ்தான் என்னும் பெரியவரின் பெயரே திப்பு சுல்தானின் பெயர்.

எங்கள் கோட்டையைப் பிடித்த அதே 1782ஆம் ஆண்டு, டிசம்பர் 7ஆம் நாள், சித்தூருக்கு அருகே பாசறையில் ஐதர் அலி இறந்தான். வாள் கொல்லவில்லை, குண்டு கொல்லவில்லை, முதுகில் எழுந்த பிளவை கொன்றது. அந்த இடத்தின் பெயர் நரசிங்கராயன்பேட்டை. அரிமா என்னும் பெயரோடு பிறந்தவன், அரிமாவின் பெயர் கொண்ட ஊரிலேயே மாண்டான். இரண்டு சிங்கமும் சேர்ந்து ஒரு கட்டியை ஆற்ற முடியவில்லை! பெயருக்கு ஆற்றல் உண்டு, எழுத்துக் கூட்டினால் எதிர்காலம் மாறும் என்று பெயரெண் கணக்கர்கள் இன்றும் கடை விரித்திருக்கிறார்களே, அவர்களிடம் சொல்லுங்கள் இதை.

என் பாட்டியின் பெயர் குப்பம்மாள். அவருக்கு முன் பிறந்த குழந்தைகள் இறந்துவிட்டதால், இவரைக் குப்பைமேட்டில் கிடத்தி எடுத்து, குப்பை என்று பெயரிட்டார்களாம். எமன் அருவருத்து விட்டுவிடுவான் என்ற நம்பிக்கை! உப்பளத்திலேயே உழைத்து, உள்ளங்கால் வெடித்து, கூலிச் சீட்டில் கைநாட்டு வைத்து வாழ்ந்தார். குப்பன், மண்ணாங்கட்டி, பிச்சை என்ற பெயர்களெல்லாம் ஏழையின் வீட்டுக்கே வந்தன. சிம்மமும் இராசாவும் மாளிகைக்குப் போயின. இந்தப் பகுதியில் பிறக்கும் குழந்தைகள் இன்று பிழைத்து வளர்கிறார்கள் என்றால், எமனை ஏமாற்றும் பெயரால் அன்று. தடுப்பூசியால், மகப்பேற்று மனையால், நல்ல குடிநீரால். குப்பை என்ற பெயர் என் பாட்டியைக் காக்கவில்லை. அரிமா என்ற பெயர் ஐதரைக் காக்கவில்லை. பெயர் மந்திரமன்று. ஆனால் மந்திரமன்று என்பதாலேயே அது ஒன்றுமில்லாதது ஆகிவிடாது. ஒரு மனிதனை மற்றவர் மதிக்கும் முதல் மதிப்பும், இழிக்கும் முதல் இழிவும் பெயரின் வழியேதான் நடக்கின்றன.

இதை உணர்ந்தவர்கள் வரலாற்றில் உண்டு. 1699இல் குரு கோவிந்த் சிங் கால்சா அமைப்பை நிறுவியபோது, அதில் சேர்ந்த ஆண்கள் அனைவருக்கும் சிங் என்று ஒரே பெயர் தந்தார். சிங் என்றால் சிங்கம். அரசர் மட்டுமே சூடிய சிங்கத்தை உழவனுக்கும் தச்சனுக்கும் நாவிதனுக்கும் பொதுவாக்கி, பெயரின் வாலில் தொங்கிய சாதியை வெட்டுவதே அதன் நோக்கம். 1929 பிப்ரவரியில் செங்கற்பட்டில் கூடிய முதலாம் சுயமரியாதை மாநாடு, பெயரோடு ஒட்டிய சாதிப் பட்டத்தைக் கைவிடும்படி கேட்டது. எங்கள் ஊரிலிருந்து தொலைவில் இல்லாத செங்கற்பட்டில் அந்தத் தீர்மானம் நிறைவேறிய ஐந்து ஆண்டுகளுக்குப் பின், 1934 நவம்பரில், துருக்கியின் நாடாளுமன்றம் பாஷா, பே, எபெண்டி முதலிய பட்டங்களைச் சட்டத்தால் நீக்கியது. ஹைதர் பாஷா வெறும் ஹைதர் ஆனார். பட்டம் போயிற்று, பெயர் நின்றது. நீக்க வேண்டியது எது, நிற்க வேண்டியது எது என்பதை இந்த மூன்று நிகழ்ச்சிகளும் தெளிவாகக் காட்டுகின்றன. ஒருவனை மேலே தூக்கி மற்றவனைக் கீழே தள்ளும் ஒட்டு எதுவோ அது நீங்க வேண்டும். பெற்றவர் அன்போடு அழைத்த சொல் நிற்க வேண்டும்.

"தமிழ்ப் பெயர் சூட்டுக என்று முழங்குகிறவர்கள், அரபுப் பெயருக்குப் பரிந்து பேசலாமா?" என்று தோழர் ஒருவர் கேட்டார். கேட்க வேண்டிய கேள்விதான். தமிழ்ப் பெயர் சூட்டுவது நல்லது. என் மாணவர்களிடையே அன்பும் அறிவும் அரிமாவும் பெருக வேண்டும் என்பதே என் விருப்பமும். வேதாசலம் என்ற பெயரை 1916இல் மறைமலை என்று மாற்றிக்கொண்டாரே அடிகளார், அவரை யார் மிரட்டினார்? அவர் மொழிமேல் கொண்ட காதல் மாற்றியது. லாரி ஓட்டுநர் தன் மகன் பெயரை மாற்ற வந்தாரே, அவரைக் காதலா அனுப்பியது? மூன்று மூடிய கதவுகள் அனுப்பின! விருப்பத்தால் மாற்றினால் அது உரிமை. அச்சத்தால் மாற்றினால் அது அடிமைத்தனம். மாற்றம் ஒன்றுபோல் தோன்றலாம். ஏட்டில் பழைய பெயரை அடித்துப் புதிய பெயரை எழுதும் மைகூட ஒன்றாக இருக்கலாம். இரண்டும் ஒன்றல்ல.

அச்சத்தின் வழியே ஓர் அரசு பெயரை மாற்றினால் என்ன ஆகும் என்பதற்கும் சான்று உண்டு. பல்கேரியாவில் பல இலட்சம் துருக்கியர் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்து வந்தனர். 1984 இறுதியிலும் 1985 தொடக்கத்திலும் அன்றைய அரசு அவர்கள் ஊர்களைக் காவல் படையால் சூழ்ந்து, அரபு வழியிலும் துருக்கிய வழியிலும் வந்த பெயர்களைக் கைவிட்டுப் பல்கேரியப் பெயர்களை ஏற்கும்படி கட்டாயப்படுத்தியது. எழுதிவைத்த பட்டியலிலிருந்து ஒரு பெயரைப் பொறுக்கிக்கொள்ள வேண்டும்! இறந்தவர்களின் பெயர்களைக்கூட ஏட்டில் மாற்றினார்கள். அந்த அரசு மதவெறி அரசா? இல்லை. மதத்தை மறுத்தோம், முன்னேற்றம் தந்தோம் என்று சொல்லிக்கொண்ட பொதுவுடைமை அரசு. பகுத்தறிவாளராகிய நாம் இதை அழுத்தமாகக் குறித்துக்கொள்ள வேண்டும். மூடநம்பிக்கையை எதிர்க்கிறோம் என்ற பெயரால் எளியவனின் பெயரைப் பறிப்பது பகுத்தறிவன்று, அதிகார வெறி.

அந்த நாட்டில் நயிம் சுலைமானோவ் என்றோர் இளைஞன், பளு தூக்கும் வீரன். உயரம் ஐந்து அடிக்கும் குறைவு. நயிம் என்பது அரபுச் சொல். இன்பம், நல்வாழ்வு என்று பொருள். அவனை நவும் ஷலமானோவ் என்று அரசு மாற்றி எழுதியது. 1986 டிசம்பரில் ஆசுதிரேலியாவின் மெல்போர்ன் நகரில் நடந்த போட்டிக்குச் சென்றவன், குழுவிலிருந்து தப்பித் துருக்கியில் புகலிடம் கேட்டான். 1988இல் சியோல் ஒலிம்பிக்கில், 60 கிலோ எடைப் பிரிவில், 190 கிலோ இரும்பைத் தலைக்குமேல் தூக்கித் தங்கம் வென்றான். தன் எடையைப் போல் மூன்று மடங்குக்கும் மேல்! அறிவிப்பாளர் அழைத்த பெயர் நயிம் சுலைமானோக்லு. 1989 கோடையில் மூன்று இலட்சத்துக்கும் மேற்பட்ட துருக்கியர் பல்கேரியாவை விட்டு வெளியேறினர். அந்த ஆண்டின் இறுதியில், ஆட்சித் தலைமை வீழ்ந்தபின், பறித்த பெயர்களைத் திருப்பித் தர முடிவாயிற்று. ஐந்தாண்டுக் கொடுமையால் பெயர்களை ஏட்டில் மாற்ற முடிந்தது. நாவில் மாற்ற முடியவில்லை.

இங்கே எந்த அரசும் அந்த ஓட்டுநரை மிரட்டவில்லை, உண்மை. மூன்று வீட்டுக்காரர்கள் போதுமானவர்களாக இருந்தார்கள். சட்டத்தின் கட்டாயத்தைச் சட்டத்தால் நீக்கலாம். முகச்சுளிப்பின் கட்டாயத்தை எதைக் கொண்டு நீக்குவது? மற்றவர் முகங்களைக் கொண்டுதான். நம் முகங்களைக் கொண்டுதான்.

இவ்வளவையும் கேட்டபின் அந்தத் தந்தை கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு, "சிங்கம்னு அர்த்தமா சார்? எங்க அத்தா வச்ச பேரு. அவருக்கே தெரிஞ்சிருக்காது" என்றார். "மாத்தணும்னா மாத்திக்கலாம், அது உங்க உரிமை. மகனையும் ஒரு வார்த்தை கேளுங்க" என்றேன். தலையசைத்துப் போனார். நான்கு நாட்கள் கழித்துப் பெயர்ப்பட்டியலைச் சரிபார்த்து மாணவர்கள் கையெழுத்திட்ட வேளையில், அந்த மாணவன் தன் பெயரைத் தமிழில் முழுமையாக எழுதினான். ஒரு நாட்டை ஆண்ட ஐதருக்கு ஓரெழுத்துத்தான் கைவந்தது. உப்பு லாரி ஓட்டுநரின் மகனுக்குப் பெயர் முழுவதும் கைவந்திருக்கிறது. அண்ணனுக்கு வீடு கிடைத்ததா? கடைசியாக ஒரு வயதான அம்மையார் கொடுத்தாராம். பெயரைக் கேட்டுவிட்டு, "சோறு எங்கே சாப்பிடுறே தம்பி?" என்று மட்டும் கேட்டாராம்.

வகுப்பில் ஒரு பாடம் நடத்தினேன். ஒவ்வொருவரும் தத்தம் பெயரின் பொருளை வீட்டில் கேட்டு வர வேண்டும். தெரியாவிட்டால் நூலகத்தில் தேட வேண்டும். எந்த மொழியிலிருந்து வந்தது, யார் வைத்தது என்று சொல்ல வேண்டும். கேலி செய்த பின்வரிசை மாணவன் ஒருவன் தன் பெயரைத் தமிழ் என்று எண்ணியிருந்தான். வடமொழி என்று அறிந்து வியந்தான். இன்னொருத்தியின் பெயர் எபிரேயத்திலிருந்து ஏசுவின் நூல் வழியே வந்தது. உலகம் முழுவதும் நடந்து வந்து பெருமுக்கல் வகுப்பறையில் ஒன்றாக உட்கார்ந்திருந்தது. அன்றுமுதல் பதிவேடு படிக்கையில் பின்வரிசைச் சிரிப்பு குறைந்தது. முழுதும் நின்றுவிட்டது என்று சொல்ல மாட்டேன், குறைந்தது.

தோழர்களே! உங்கள் ஊரிலும் ஓர் ஐதர் இருப்பான். ஒரு குப்பன் இருப்பான். பெயரைச் சொன்னதும் குரல் தாழ்ந்துபோகும் ஒரு பெண் இருப்பாள். அவர்களை முழுப் பெயர் சொல்லி அழையுங்கள். பெயருக்குப் பின்னால் சாதி என்ன என்று துழாவும் கேள்வியை உங்கள் வீட்டு வாசலில் நிறுத்துங்கள். நாளை உங்களுக்கு ஒரு வீடு இருந்து, அதில் ஓர் அறை வாடகைக்கு இருந்து, தட்டுகிறவன் தன் பெயரைச் சொல்வதற்கு முன் ஒரு நொடி தயங்கினால், அந்தத் தயக்கம் எங்கிருந்து வந்தது என்று எண்ணிப் பாருங்கள். எண்ணிப் பார்த்தபின் கதவை அகலத் திறங்கள்.